சார்லி டிரேக்: விழத் தெரிந்தவர்

1961 அக்டோபரில் பிபிசியின் நேரடி ஒளிபரப்பில் பிரிட்டிஷ் நகைச்சுவை நடிகர் சார்லி டிரேக் ஒரு புத்தக அலமாரியில் மோதினார். மோதியதும் உதிர்ந்து விழும்படி அதைத் தளர்வாக அமைக்கச் சொல்லியிருந்தார். ஒளிபரப்புக்கு முன் யாரோ ஒரு தொழிலாளி, பாவம், அக்கறையோடு அதைச் சரிசெய்து இறுக்கிவிட்டார். டிரேக் நினைவிழந்தார். உடன் நடித்தவர்களுக்கு அது தெரியாது. ஒத்திகையில் பழகியபடியே அவரைத் தூக்கிச் சன்னல் வழியாக எறிந்தார்கள். மண்டையோட்டில் விரிசல் விழுந்தது. மூன்று நாள் சுயநினைவில்லை.

டிரேக்கைப் பற்றிய பேச்சு இந்த விபத்தைத் தாண்டுவது அபூர்வம். அடிபட்டார் என்பதற்காக ஒருவரைப் பெரிய கலைஞர் என்று சொல்லிவிட முடியுமா? அவர் செய்ததைப் பார்க்க வேண்டும்.

1925இல் லண்டனின் எலிஃபன்ட் அண்ட் காசிலில் பிறந்தவர். உயரம் ஐந்தடி ஓரங்குலம். குண்டு முகம், கீச்சுக் குரல். இந்த உருவத்தை மட்டும் நம்பி 1960 முதல் எடுத்த படங்கள் சோர்வூட்டுகின்றன. ஸ்டுடியோவில் ஒரே மூச்சில் விழுந்து எழுந்த மனிதரைப் படத்தொகுப்பு துண்டு துண்டாக்கியது. விழுகிறாரே என்ற பதைப்பு போனது, சிரிப்பும் போனது. ஆஸ்திரேலியப் பழங்குடியினரைக் கேலி செய்து, பூமராங்கைப் பற்றி அவர் பாடிய பாட்டு அன்று நன்றாக விற்றது. இன்று கேட்கக் கூசுகிறது.

1965இல் ஏடிவி ஒளிபரப்பத் தொடங்கிய ‘தி வொர்க்கர்’ தொடர் வேறு கதை. எந்த வேலையிலும் நிலைக்காதவன் திரும்பத் திரும்ப வேலைவாய்ப்பு அலுவலகத்துக்கு வருகிறான். மேசைக்குப் பின்னால் மிஸ்டர் பியூவாக ஹென்றி மெக்கீ. அந்தப் பெயரை டிரேக் இழுத்து இழுத்துச் சொல்லச் சொல்ல, மெக்கீயின் முகத்தில் பொறுமை கொஞ்சம் கொஞ்சமாகக் கரையும். கடைசியில் சட்டையைப் பிடித்துவிடுவார். சேட்டைக்கு எதிரே அசையாத ஓர் ஆள் நின்றதால்தான் அந்தச் சேட்டை எடுபட்டது. தொடரின் புகழில் பாதி மெக்கீக்கும் சேர வேண்டியது.

தனியாளாக அவர் உச்சம் தொட்டது, 1968இல் மோன்ட்ரூ தொலைக்காட்சி விழாவில் விருது பெற்ற நிகழ்ச்சியில். ‘1812’ இசைக்கோவையை வாசிக்கும் குழுவில் அத்தனை பேரும் அவரே. அதிகாரம் தூள் பறக்கும் இசை நடத்துநரும் அவரே. முக்கோண மணிக்காரனுக்கு ஒரே ஒரு தட்டுதான் வேலை. காத்துக் காத்து இருந்து அதையும் கோட்டைவிடுகிறான். இதில் யாரும் விழவில்லை, எதுவும் உடையவில்லை. ஆளுக்கு ஆள் மாறும் நிமிர்வும் பதற்றமும்தான் வேடிக்கை.

பிற்காலத்தில் ஹரால்டு பின்டரின் ‘தி கேர்டேக்கர்’ நாடகத்திலும் டிக்கன்ஸின் ‘பிளீக் ஹவுஸ்’ தொடரிலும் நடித்தபோது, அவருக்குள் ஒரு நடிகர் இருந்தது ஊருக்குத் தெரிந்தது. ஆனால் அது 1980களில். தொலைக்காட்சியில் ஆண்ட காலத்தில் தனக்கான எழுத்தைப் பெரும்பாலும் தானே எழுதிக்கொண்டார். அது அவருடைய உடம்பின் திறமைக்கு ஈடாகவில்லை. டிரேக் முதல்தர நடிகர், இரண்டாந்தர எழுத்தாளர். ‘1812’ நிற்கும், படங்களை மறந்துவிடலாம்.