பெயரில்லாச் சிறுவன்: வகுப்பறைத் துணுக்கின் தோற்றுவாய்

ஆசிரியர் கடிந்து வினவ, ஏதுமறியாதவன்போல் விடையிறுத்து அவரையே வாயடைக்கச் செய்யும் சிறுவன், ஆங்கிலத்தில் 'லிட்டில் ஜானி', பிரெஞ்சில் 'தோத்தோ', உருசியத்தில் 'வோவொச்கா'. தமிழில் அவனுக்கு நிலைத்த பெயரில்லை. இதனைக் கொண்டே இத்துணுக்குகள் யாவும் இரவல் எனக் கருதிவிடுவது எளிது. வகுப்பறையும், 1926இல் தோன்றிய ஆனந்த விகடன் போன்ற இதழ்களும் புதிய காலத்தின் வரவுகளே. சிரிப்பை விளைவிக்கும் உத்தியோ அவற்றுக்கு முந்தியது.

'ஏன் தாமதம்?' என்னும் ஆசிரியரிடம், 'பள்ளி உள்ளது, மெதுவாகச் செல்லவும் என்று பலகையில் எழுதியிருந்தது ஐயா' என்கிறான் மாணவன். இது பிறமொழிகளிலும் வழங்குவதே. ஆயினும் நெடுஞ்சாலை ஊர்களான விழுப்புரத்திலும் திண்டிவனத்திலும் இது அயற்சரக்காக ஒலிப்பதில்லை. அதிகாரத்தின் சொல்லுக்குச் சொல்லளவில் கீழ்ப்படிந்தே அதனைக் கவிழ்க்கும் ஒருவனை இவ்வட்டாரம் தெருக்கூத்தில் நெடுநாளாக அறியும். செஞ்சியை மையமாகக் கொண்டு ஆல்ஃப் ஹில்டபைடல் 1988இல் வெளியிட்ட திரௌபதி வழிபாட்டாய்வு, இப்பகுதியில் பாரதக்கூத்து பெற்றுள்ள இடத்தை விரிவாகக் காட்டுகிறது. அக்கூத்தில் திரைக்குப் பின்னிருந்து வரும் வேந்தனை 'நீர் யார்?' என வினவுபவன் கட்டியக்காரன். வேந்தனின் செந்தமிழுக்கு அவன் பேச்சுவழக்கில் பொருள்கொள்கிறான். மன்னன் மீண்டும் விளக்க நேர்கிறது. பணியாளனாகிய அவனுக்கு மன்னனை மடக்க வேறு உரிமை ஏது?

நாவல் மரத்துச் சிறுவன் ஔவையை மடக்கும் கதையும் இவ்வகையினதே. 'சுட்ட' என்னும் ஒரு சொல்லின் இருபொருளே அங்குக் கருவி. புலமைக்கு எதிரே நிற்பவன் மாடு மேய்ப்பவன் என்பது தற்செயலன்று. அவன் முருகனென வெளிப்படுத்தும் கதைமுடிவு அந்தத் துணிவுக்குத் தெய்வ உரிமம் வழங்கிவிடுகிறது; கதையின் கூர்மை அதனால் சற்று மழுங்குகிறது என்பதே என் கருத்து. கட்டியக்காரனுக்கு அத்தகைய பாதுகாப்பில்லை.

பிராய்டு 1905இல், தடையுணர்வு இல்லாமையால் விளையும் வெகுளித்தனத்தையும், உரிமை பெறும்பொருட்டுப் பூணும் வெகுளித்தனத்தையும் வேறுபடுத்தினார். நம் சிறுவன் இரண்டாம் வகையினன். அவனைக் 'குழந்தையின் கள்ளமின்மை' என்னும் தலைப்பில் அடைக்கும் தொகுப்புகள், கேள்வியை நீக்கிவிட்டுச் சிரிப்பை மட்டும் வைத்துக்கொள்கின்றன.

ஒப்புமை வழிமரபைத் தானே மெய்ப்பித்துவிடாது. கூத்திலிருந்து துணுக்கு பிறந்தது என்பதன்று இங்குக் கூறுவது. வந்த துணுக்கை ஏற்கப் பழகிய செவி இங்கிருந்தது என்பதே. பெயரின்மையும் அவ்வாறே விளங்கும். ஜானி ஓர் ஆள். தமிழ்ச் சிறுவன் ஓர் இடம். மாணவன், மகன், பணியாள் என யாரும் அவ்விடத்தில் நிற்கலாம். ஆகவே களத்தில் துணுக்கைத் திரட்டுவோர், அதனைச் சொன்னவர் யார், எவர் முன்னிலையில் சொன்னார் என்பவற்றையும் உடன் பதிதல் வேண்டும்.