பெத்ரார்க்கின் மலைமடல்

பிரான்சின் தென்பகுதியாகிய புரோவான்சில், ஏறத்தாழ 1,910 மீட்டர் உயரத்தில், வெந்தூ மலை தனித்து நிற்கின்றது. 1336ஆம் ஆண்டு ஏப்ரல் 26ஆம் நாள் தம் தம்பி கெரார்தோவுடன் அதன்மீது ஏறியதாக இத்தாலியக் கவிஞர் பெத்ரார்க்கு இலத்தீனில் ஒரு மடல் வரைந்துள்ளார். மலையேறிகளுள் முதல்வர் இவரே என்பாரும் உளர். அவர்கள் மடலைச் செவ்வனே படித்திலர். ஐம்பதாண்டுகட்கு முன்பே தான் உச்சி கண்டதாகச் சொல்லி இவர்களைத் தடுக்கும் முதிய இடையன் ஒருவன் அதிலேயே வருகின்றானன்றோ?

தம்பியார் செங்குத்தான நேர்வழியே ஏறிவிடுகின்றார். கவிஞரோ எளிய வழி தேடிப் பள்ளத்தில் இறங்கி இளைக்கின்றார். உச்சியில் அகஸ்டீன் அடிகளின் நூலைத் திறந்தபின் மலையை மறந்து தம் உள்ளத்தையே நோக்குகின்றார். கண்ட காட்சிக்குச் சில வரிகளே கிடைக்கின்றன.

இறங்கிய அன்றிரவே, உணவு ஆயத்தமாகும் வேளையில் எழுதியதாம்! இதனை நம்புதல் அரிது. தம்பியார் துறவியர் மடம் புகுந்தது 1343இல். நேர்வழியின் உட்பொருள் அதன்பின்னரே விளங்கும். மடல் யார்க்கு எழுதப்பட்டதோ, அந்தத் தியோனீசி அடிகள் 1342இலேயே மறைந்தார். 1353ஐ ஒட்டி எழுதியதென்பது ஆய்வாளர் பில்லனோவிச்சின் முடிபு.

ஏறாத குன்றை ஏறியதாகக் கட்டுரை வரைந்த மாணவரை யான் பன்முறை கடிந்ததுண்டு. ஆயினும், பெத்ரார்க்கு ஏறவே இல்லை எனத் துணியேன். குறுக்குவழி தேடிக் களைத்து, தம்மையே நொந்துகொள்ளும் பகுதி பட்டறிந்தவர் எழுத்தாகவே படுகின்றது. "அன்றிரவே" என்பதை மட்டும் அவர் விட்டிருக்கலாம்.