மாஜியோரானியின் நடை

'பைசைக்கிள் தீவ்ஸ்' (1948) என்ற இத்தாலியப் படத்தில் அந்தோனியோ ரிச்சியாக வரும் லாம்பர்தோ மாஜியோரானி (1909–1983) தொழில்முறை நடிகர் அல்லர். ரோம் நகரில் பிரெடா ஆலைத் தொழிலாளி. படத்துக்குப் பணம் தேடிக்கொண்டிருந்த இயக்குநர் விட்டோரியோ டி சிகாவிடம், கேரி கிராண்டை நாயகனாகப் போட்டால் பணம் தருவதாக ஹாலிவுட் தயாரிப்பாளர் டேவிட் செல்ஸ்னிக் சொன்னார். டி சிகா இணங்கவில்லை. மகனுக்கு வாய்ப்புக் கேட்டு வந்த ஒரு குடும்பத்தில் மகனை விட்டுவிட்டுத் தகப்பனைப் பிடித்துக்கொண்டார்.

கதை சிறியது. போருக்குப் பிந்தைய ரோமில், நெடுநாள் வேலையற்றிருந்தவனுக்குச் சுவரொட்டி ஒட்டும் வேலை கிடைக்கிறது. வேலைக்குச் சைக்கிள் வேண்டும். அதுவோ அடகில் இருக்கிறது. மனைவி படுக்கை விரிப்புகளை அடகு வைத்து அதை மீட்கிறாள். முதல் நாளே அது களவுபோகிறது.

களவு நடக்கும் இடத்தில் மாஜியோரானியின் கைகளைக் கவனிக்க வேண்டும். ஏணியில் நின்று நடிகை ரீட்டா ஹேவொர்த்தின் சுவரொட்டியைத் தேய்க்கிறார்; பசை வழிகிறது, தாள் சுருங்குகிறது, மறுபடி நீவுகிறார். உழைத்துக் காய்த்த கைதான், ஆனால் இந்த வேலைக்குப் புதிது. தேர்ந்த நடிகர் இந்தத் தடுமாற்றத்தை அழகாகச் செய்து காட்டியிருப்பார். அந்த அழகே காட்சியைக் கெடுத்திருக்கும்.

படத்தின் பெரும்பகுதி தேடல், அதாவது நடை. அப்பனின் நீண்ட எட்டுக்கு ஈடுகொடுக்க மகன் ஓட்டமும் நடையுமாக வர வேண்டும் என்பதற்காக, புரூனோ வேடத்துக்குச் சிறுவன் என்சோ ஸ்டாயோலாவின் நடையைப் பார்த்தே டி சிகா தேர்ந்தெடுத்ததாக விமர்சகர் ஆந்த்ரே பஸான் எழுதினார். மாஜியோரானி பெரும்பாலும் திரும்பிப் பார்ப்பதில்லை. பையன் பின்னால் வருவான் என்ற நினைப்பு அவர் முதுகிலேயே தெரிகிறது. கடைசியில் தானே ஒரு சைக்கிளைத் திருடிப் பிடிபட்டு, அடிபட்டு, விடப்பட்டு நடக்கும்போது முகம் அழுகையில் கோணுகிறது. அதுவரை இறுகிக் கிடந்த முகம் என்பதால்தான் அந்த ஒரு கோணல் தாங்க முடியாததாகிறது.

இதையெல்லாம் தானாக வந்த இயல்பு என்று மட்டும் சொல்வது சரியல்ல. டி சிகா தாமே பெயர்பெற்ற நடிகர். ஒவ்வோர் அசைவையும் நடித்துக் காட்டிச் சொல்லிக் கொடுப்பவர். அவர் கொடுத்ததைத் தன் உடம்பின் பழக்கத்துக்குள் வாங்கிக்கொண்டது மாஜியோரானியின் பங்கு.

ஆலைக்குத் திரும்பியவர் ஆட்குறைப்பில் வேலை இழந்தார். கொத்து வேலை பார்த்தார். சினிமாவில் சில்லறை வேடங்களே வாய்த்தன. அவற்றில் ஒன்று இயக்குநர் பஸோலினியின் 'மம்மா ரோமா' (1962). அதில் அவர் மருத்துவமனை நோயாளி. அவருடைய வானொலிப் பெட்டியை ஓர் இளைஞன் திருடுகிறான்.