சூழலும் சிந்தனையும்: லூரியாவின் மத்திய ஆசிய ஆய்வு பற்றிய ஒரு மறுநோக்கு

1

மனிதனது சிந்தனையை அவனது சமூக இருப்பே நிர்ணயிக்கின்றது என்னும் கருத்து முற்போக்கு வட்டாரங்களில் ஏறத்தாழ ஒரு பழமொழியின் நிலையினை எய்திவிட்டது. பழமொழியாகிவிட்ட கருத்துகளுக்கு நேரும் கதியே இதற்கும் நேர்ந்துள்ளது. அது எடுத்தாளப்படுகின்றதேயன்றி ஆராயப்படுவதில்லை. கல்வித்துறையில் இதன் விளைவு பாரதூரமானது. ஒரு பிள்ளை கற்கத் தவறியவிடத்து முன்னர் அதன் பிறப்பைக் காரணங்காட்டினர். இப்பொழுது அதன் 'சூழலை'க் காரணங்காட்டுகின்றனர். சொல் மாறியுள்ளது, தீர்ப்பு மாறவில்லை.

மனிதரைச் சூழ்நிலைகளின் விளைபொருளாக மாத்திரம் காணும் பொருள்முதல்வாதம், அச்சூழ்நிலைகளை மாற்றுவோரும் மனிதரே என்பதனையும், கற்பிப்பவனும் கற்பிக்கப்பட வேண்டியவனே என்பதனையும் மறந்துவிடுகின்றது என மார்க்ஸ் 1845 இல் பொயர்பாக் பற்றிய தமது மூன்றாவது ஆய்வுரையிலே சுட்டிக்காட்டினார். இவ்வெச்சரிக்கையை மனங்கொண்டு, சூழலுக்கும் சிந்தனைக்குமுள்ள தொடர்பினை நேரடிக் களஆய்வின் மூலம் நிறுவ முயன்ற ஒரு முன்னோடி நூலினை மறுநோக்குக்கு உட்படுத்துவதே எமது நோக்கமாகும். அலெக்சாந்தர் லூரியா (1902-1977) எழுதிய அந்நூல், அறிகைவளர்ச்சியின் பண்பாட்டு, சமூக அடித்தளங்கள் பற்றியது. அதற்கான களப்பணி 1931, 1932 ஆம் ஆண்டுகளில் நடைபெற்றது. நூல் ரஷ்ய மொழியில் வெளிவந்ததோ 1974 இலேயாகும். 1976 இல் ஆங்கிலத்திலும் வெளிவந்தது. நாற்பதாண்டுக்கால இவ்விடைவெளி தானே ஒரு சமூக உண்மை என்பதைப் பின்னர் காண்போம்.

2

லூரியாவின் ஆய்வுக்குக் கோட்பாட்டு ஊக்கம் அளித்தவர் அவரது தோழரும் வழிகாட்டியுமான லெவ் வைகோட்ஸ்கி (1896-1934) ஆவார். உயர்நிலை உளச்செயல்கள் தனியாளின் மூளைக்குள் தாமாக முதிர்ச்சியடைவனவல்ல. அவை முதலில் மனிதரிடையே நிகழ்ந்து, மொழி முதலாய கருவிகளின் ஊடாக அகவயப்படுவன என்பது வைகோட்ஸ்கியின் நிலைப்பாடு. அவ்வாறாயின், உற்பத்தி முறையும் கல்வியும் விரைந்து மாறும் ஒரு சமூகத்தில் சிந்தனை முறையும் மாறுதல் வேண்டும். இதனைப் பரிசோதிக்க உஸ்பெக்கிஸ்தானும் கிர்கீசியாவும் தெரிவுசெய்யப்பட்டன. பழைய பயிர்ச்செய்கை முறையும் புதிய கூட்டுப்பண்ணையும் அங்கே அருகருகே நின்றன.

அந்தப்புரங்களில் ஒதுங்கி வாழ்ந்த எழுத்தறிவற்ற பெண்கள், ஒதுக்குப்புறக் கிராமங்களின் விவசாயிகள், குறுங்காலப் பயிற்சி பெற்ற பெண்கள், கூட்டுப்பண்ணைச் செயற்பாட்டாளர்கள், இரண்டு மூன்று ஆண்டுகள் கல்வி கற்றபின் ஆசிரியர் பயிற்சிப் பாடசாலையில் சேர்க்கப்பட்ட மாணவியர் என ஐந்து பிரிவினருடன் ஆய்வாளர் உரையாடினர். உரையாடல்கள் தேநீர்க் கடைகளிலும் மாலைநேர நெருப்பைச் சுற்றியும் நிகழ்ந்தன. ஆண்கள் நுழைய இயலாத இடங்களில் பெண் ஆய்வாளரே வினாவினர்.

பெறுபேறுகள் குறிப்பிடத்தக்கவை. வட்டத்தைக் கண்ட எழுத்தறிவற்ற பெண்கள் அதனைத் தட்டு என்றும் சல்லடை என்றும் நிலா என்றும் பெயரிட்டனர். முக்கோணத்தைத் தாயத்து என்றனர். பயிற்சிப் பாடசாலை மாணவியரோ கேத்திரகணிதப் பெயர்களையே கூறினர். சுத்தியல், வாள், கோடரி, மரக்கட்டை ஆகிய நான்கில் சேராத ஒன்றினை நீக்குமாறு கேட்டபோது, விவசாயிகள் எதனையும் நீக்க மறுத்தனர். கட்டையின்றி வாளுக்கும் கோடரிக்கும் என்ன வேலை என்பது அவர்களது நியாயம். 'கருவி' என்னும் பொதுச்சொல்லை ஆய்வாளர் எடுத்துக்கூறிய பின்னரும் அதனை அவர்கள் பொருட்படுத்தவில்லை.

பனி மூடிய தூரவடக்கில் கரடிகள் யாவும் வெண்ணிறத்தன. இன்ன இடம் தூரவடக்கிலுள்ளது. ஆங்குள்ள கரடிகளின் நிறம் யாது? இவ்வாறான நியாயத் தொடர்களுக்குப் பலர் முடிவு கூற மறுத்தனர். தாம் அங்கு சென்றதில்லை, காணாததைப் பற்றிப் பேசுவதில்லை என்றனர். தமது குணங்குறைகளைக் கூறுமாறு கேட்கப்பட்டபோது, அதனை அயலவரிடமன்றோ கேட்கவேண்டும் என்றோரும் உளர். கூட்டுப்பண்ணையிலே திட்டமிடலிலும் விவாதத்திலும் பங்குபற்றியோர், மிகக் குறைந்த கல்வியே பெற்றிருந்தும், இவ்வினாக்களை வேறுவகையில் எதிர்கொண்டனர். சிந்தனையின் உள்ளடக்கம் மாத்திரமன்றி, அதன் வடிவமும் வரலாற்றுக்குட்பட்டதே என்பது லூரியாவின் முடிபு. பரம்பரை நுண்மதி பற்றிய கோட்பாடுகள் செல்வாக்குப் பெற்றிருந்த காலத்தில் இம்முடிபு ஒரு பெரும் பாய்ச்சல் என்பதில் ஐயமில்லை.

3

எனினும் சில வினாக்களை எழுப்பாதிருத்தல் இயலாது. முதலாவது, அளவுகோல் பற்றியது. பொருள்களை அவற்றின் தொழிற்பாட்டுச் சூழலிலிருந்து பிரித்தெடுத்து வகைப்படுத்தல் பாடசாலையின் பழக்கமாகும். பாடசாலைக்குச் செல்லாதோரைப் பாடசாலைப் பழக்கத்தால் அளந்து, அவர்களிடம் அது குறைவெனக் காண்பது ஓரளவுக்கு எதிர்பார்க்கத்தக்கதே. தாம் நன்கறிந்த விடயங்களில் இம்மக்கள் செம்மையாக அனுமானித்தனர் என்பதனை லூரியாவே ஏற்றுக்கொள்கின்றார். ஆயினும் இரு பிரிவினரையும் ஒரே ஏணியின் கீழ்ப்படி, மேற்படி என வரிசைப்படுத்தும் போக்கு நூலெங்கும் விரவிக் கிடக்கின்றது.

இரண்டாவது, வினவுவோர்க்கும் வினவப்படுவோர்க்கும் இடையிலான உறவு பற்றியது. ஆய்வு நடைபெற்ற ஆண்டுகள் கூட்டுப்பண்ணையாக்கம் பலவந்தமாக முன்னெடுக்கப்பட்ட ஆண்டுகளாகும். அண்டைக் கசாக்ஸ்தானில் 1931-33 இல் நேர்ந்த கொடும்பஞ்சம் அதன் கோரமான விளைவு. 1920களின் பிற்பகுதியில் உஸ்பெக் மொழியின் அரபு எழுத்து நீக்கப்பட்டு இலத்தீன் எழுத்து புகுத்தப்பட்டது. 1940 இல் அதுவும் சிரில்லிக் எழுத்துக்கு இடங்கொடுத்தது. பழைய எழுத்தில் மாத்திரம் வாசிக்கத் தெரிந்தவன் ஓர் ஆணையால் எழுத்தறிவற்றவனாகிவிடக்கூடிய காலம் அது. அத்தகைய காலத்தில் நகரத்திலிருந்து வந்து வினவும் அந்நியனிடம், 'கண்டதையன்றிக் கூறேன்' என்று விவசாயி மறுமொழி பகர்வது தருக்கத்தின் குறைபாடா, அன்றேல் சாட்சியத்தின் ஒழுக்கமா? அது தற்காப்பாகவும் இருக்கலாமன்றோ? சமூகச் சூழலை ஆராய முற்பட்ட நூல், ஆய்வு என்னும் நிகழ்வே ஒரு சமூகச் சூழல் என்பதைப் போதியளவு கணக்கிற் கொள்ளவில்லை என்றே கூறவேண்டும்.

இவ்வாறு கூறும்போது அன்றைய அதிகாரபூர்வ விமர்சகருடன் நாம் உடன்படுகின்றோம் எனக் கொள்ளலாகாது. சிறுபான்மைத் தேசிய இனங்களை இழிவுபடுத்தியதாகக் குற்றஞ்சாட்டி அவர்கள் ஆய்வினை முடக்கினர். அவர்கள் விவாதிக்கவில்லை, வாய்ப்பூட்டிட்டனர். குறைபாடுள்ள ஓர் ஆய்வினைத் திருத்தக்கூடியது மேலும் ஆய்வேயன்றித் தடையன்று. ஒரு முழுத் தலைமுறைக்குரிய விவாதம் இதனால் இழக்கப்பட்டது. மார்க்சியத்தின் பெயரால் நிகழ்ந்த இவ்விழப்பினை மார்க்சியர்களே முதலிற் கூறவேண்டும்.

4

லூரியாவின் ஆய்வில் எழுத்தறிவு, பாடசாலை, புதிய உற்பத்தியமைப்பு ஆகிய மூன்றும் பெரும்பாலும் ஒருங்கே வந்தமையால், மாற்றத்துக்குக் காரணம் எதுவெனப் பிரித்தறிய இயலவில்லை. இச்சிக்கலை விடுவிக்க முயன்றோர் சில்வியா ஸ்கிரிப்னரும் மைக்கல் கோலும் ஆவர். லைபீரியாவின் வாய் மக்களிடையே அவர்கள் மேற்கொண்ட ஆய்வு 1981 இல் நூலாயிற்று. பத்தொன்பதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் அம்மக்களிடையே தோன்றிய அசையெழுத்தொன்று பாடசாலையின் துணையின்றியே கைம்மாறி வந்துள்ளது. கடிதம் எழுதவும் கணக்கு வைக்கவும் அது பயன்பட்டது. அதனோடு குர்ஆன் ஓதுதற்குரிய அரபு எழுத்தறிவும், பாடசாலை வழியான ஆங்கில எழுத்தறிவும் நிலவின.

எழுத்தறிவு பொதுவான சிந்தனையாற்றலை உயர்த்தும் என்ற எதிர்பார்ப்பு இங்கு நிறைவேறவில்லை. தமது விடைக்கான நியாயத்தைச் சொல்லில் விளக்கும் திறனைப் பாடசாலையே வளர்த்திருந்தது. கடிதம் எழுதிப் பழகியோர், எதிரில் இல்லாத ஒருவருக்கு விடயத்தை ஒழுங்குற விளக்குவதில் சிறந்தனர். ஓதிப் பழகியோர், தொடராகச் சேர்த்துச்சேர்த்து மனனஞ் செய்வதில் முன்னின்றனர். அதாவது, எந்த நடைமுறையில் ஈடுபட்டனரோ அந்நடைமுறைக்குரிய திறன் வளர்ந்தது.

இதன் உட்கிடை பெரிது. 'சூழல்' என்பது பிள்ளையைச் சுற்றிக் கவிந்திருக்கும் மூடுபனியன்று. யார் யாருடன், எக்கருவி கொண்டு, எத்தேவைக்காக, எவரது அதிகாரத்தின்கீழ் இயங்குகின்றனர் என்னும் திட்டவட்டமான செயல்களின் தொகுதியே அது. செயல்களாகையால் அவை மாற்றத்தக்கவை. மார்க்சின் மூன்றாவது ஆய்வுரை இவ்விடத்திலே கள ஆதாரம் பெறுகின்றது.

5

இவ்வாய்வுகள் எமது நாட்டின் கல்வியையும் தீண்டுகின்றன. யாழ்ப்பாணத்தில் உதவி நன்கொடை பெறும் பாடசாலைகளில் சம ஆசனம் வழங்கப்பட வேண்டுமென 1929 இல் பணிக்கப்பட்டபோது எழுந்த எதிர்ப்பினை நாம் அறிவோம். சம ஆசனத்தை அனுமதித்த பாடசாலைகள் தீக்கிரையாயின. அதற்கு முன்னர் நிலத்திலே அமர்த்தப்பட்ட பிள்ளை, அகரத்தை அறியுமுன்னரே தனது இடத்தை அறிந்திருந்தது. அந்த முதற்பாடத்தை எந்தப் பாடத்திட்டமும் எழுதிவைக்கவில்லை. ஆனால் அதுவே மிகச் செம்மையாகப் போதிக்கப்பட்டது. 1945 இல் இலவசக் கல்வி வந்தபோது கட்டணம் நீங்கியது. அம்முதற்பாடம் உடனே நீங்கிவிடவில்லை. பெருந்தோட்டப் பிள்ளைகளின் நிலையோ இதனினும் துயரமானது. 1948 இன் பிரசாவுரிமைச் சட்டம் அவர்களது பெற்றோரைப் பெரும்பாலும் நாடற்றவராக்கியது. நாடு தம்முடையதன்று எனச் சட்டமே கற்பித்த பிள்ளைகளிடம், கல்வியில் அக்கறையில்லை எனக் குறைகூறுவோர் எதனை அளக்கின்றனர்?

இலக்கிய விமர்சகருக்கும் இங்கு ஒரு பாடமுண்டு. 1960களின் முற்பகுதியில் ஒடுக்கப்பட்டோரின் பேச்சுமொழி இழிசனர் வழக்கென இகழப்பட்டபோது முற்போக்காளர் அதனை எதிர்த்துநின்றனர். அது நியாயமான போராட்டம். ஆயினும் பேச்சைத் தந்த எமது புனைகதைகளிற் பல சிந்தனையைத் தரவில்லை. உழைப்பாளி ஒன்றில் ஏதுமறியா அப்பாவியாக நிற்கின்றான். அல்லது கடைசிப் பக்கத்தில் ஆசிரியரின் துண்டுப்பிரசுரத்தை ஒப்புவிக்கின்றான். கட்டையின்றிக் கோடரிக்கு என்ன வேலை எனக் கேட்ட அந்த விவசாயியின் நியாயம், அதன் முழுக் கூர்மையுடனும் அதன் எல்லைகளுடனும் எமது எழுத்தில் அருகியே பதிவாகியுள்ளது. அவனது சிந்தனையைப் போற்றி அதிலேயே அவனை நிறுத்திவைப்பதும், அதனை இகழ்ந்து எமது சிந்தனையை அவன்மேற் சுமத்துவதும் ஒரே தவறின் இரு பக்கங்களாம்.

லூரியாவின் நூலை அதன் குறைகளோடும் நாம் போற்றுவதற்குக் காரணம், சிந்தனை மாறக்கூடியது என்பதனை அது மனிதரிடையே சென்று காட்டியமையே. ஆனால் அம்மாற்றத்தை ஆய்வாளர் விவசாயியிடம் மாத்திரம் தேடினர். நெருப்பைச் சுற்றியிருந்த அவ்வுரையாடலில் வினவியவரிடம் யாது மாறியது என்பதைப் பதிவுசெய்யும் ஆய்வு இன்னும் எழுதப்பட வேண்டியுள்ளது. எமது வகுப்பறைகளில் அதனை எழுதத் தொடங்க வேண்டியோர் ஆசிரியர்களாகிய நாமே.