களரியின் அடிநாதம்: வடமோடி, தென்மோடி மத்தளம்

மட்டக்களப்புக் கூத்தைப் பற்றி எழுதுவோர் பாட்டையும் ஆட்டத்தையும் உடுப்பையும் விரித்து எழுதுவர். மத்தளத்துக்கு மிஞ்சுவது ஒரு வரிதான். ஆனால் பாசிக்குடாவிலிருந்து வாழைச்சேனை, கிரான், சித்தாண்டி, வந்தாறுமூலை என்று தெற்கே போகும் ஊர்களில் கூத்துப் பழகும் இரவுகளில், தூரத்தில் நிற்பவரின் காதுக்கு முதலில் எட்டுவது மத்தளமே. பாட்டின் சொல் விளங்க வேண்டுமானால் கூத்தாடும் களரிக்குக் கிட்டப் போக வேண்டும்.

வட்டக் களரியைச் சுற்றிச் சபையோர் இருப்பர். நடுவில் கூத்தைப் பழக்கும் அண்ணாவியார் மத்தளத்தோடு நிற்பார். சல்லரி என்ற தாளம் போடுபவரும் ஏடு பார்ப்பவரும் பிற்பாட்டுக்காரரும் அவர் அருகே. கூத்தர் இவர்களைச் சுற்றி ஆடுவர். இரவு தொடங்கும் கூத்து விடியும்வரை நடக்கும். அத்தனை நேரமும் ஆடும் கால்களுக்கும் பாடும் குரலுக்கும் நிலமாக இருப்பது அந்த ஒற்றை மத்தளம். நம் மரபின் இரு மோடிகளும், அதாவது வடமோடி, தென்மோடி என்ற இரு பாணிகளும், அந்த நிலத்தை வெவ்வேறு விதமாக அமைத்துக்கொண்டன.

வடமோடிக்கு இதிகாசக் கதைகள் உகந்தவை. ‘இராம நாடகம்’, ‘பதினெட்டாம் போர்’ போன்றவற்றில் போரே உச்சம். உடுப்புப் பாரமானது, ஆட்டத்தில் வீறும் துள்ளலும் மிகுதி. கூத்தர் பாடிய பாட்டு முழுவதையும் பிற்பாட்டுக்காரர் திருப்பிப் படிப்பர். அந்த இடைவெளியில் கூத்தர் ஆடுவார். ஆகவே இங்கே மத்தளத்தின் முதல் வேலை உந்துவது. கனத்த உடுப்போடு வரும் வீரனின் கால் சோராமல் அது தூக்கிக் கொடுக்க வேண்டும்.

தென்மோடியின் நடை வேறு. ‘அலங்காரரூபன்’, ‘அனுவுருத்திரன்’ போன்ற நாடகங்களில் காதலுக்கும் கற்பனைக்கும் இடம் அதிகம். உடுப்பு இலேசானது, தாளக்கட்டுகள் நுணுக்கமானவை. குரலை நீட்டி இழுத்துப் பாடுவர். பிற்பாட்டுக்காரர் பாட்டின் கடைசிப் பகுதியையும் தருவையுமே படிப்பர். பாடும் சுமை பெரிதும் கூத்தர்மேல் நிற்பதால் மத்தளம் அவருக்காகக் காத்திருக்கத் தெரிய வேண்டும். இழுக்கும் குரலுக்கு இடம் விட்டு, தீரும் இடத்தில் காலோடு சேர்ந்து விழுவதே அதன் அழகு.

மத்தளம் போன்ற கனத்த ஒலி குரலைத் தாங்குமா, மூடுமா என்ற கேள்வி உலகம் முழுவதற்கும் பொது. ஐரோப்பிய இசைநாடகமான ஒப்பெராவில் அந்தக் கனத்த ஒலி ட்ரொம்போன், டியூபா என்ற பித்தளை ஊதுகருவிகளில் இருக்கிறது. 1835இல் பெர்லினில் காப்புரிமை பெற்ற டியூபாவின் குழாய் அகன்றது, ஒலி உருண்டது. ட்ரொம்போனின் ஒலியில் கூர்மை அதிகம். இத்தாலிய இசையமைப்பாளர் வேர்தி தம் ட்ரொம்போன்களோடு இணங்கி ஒலிக்கும் தாழ்ந்த பித்தளைக் கருவியையே விரும்பினார். இன்னொரு இசையமைப்பாளரான வாக்னர் 1876இல் பைரொய்த்தில் திறந்த அரங்கில் இசைக்குழுவை மேடைக்குக் கீழே இறக்கி, பித்தளைக் கருவிகளை எல்லாவற்றிலும் ஆழத்தில் அமர்த்தினார். பாடுவோரின் குரல் மேலே நிற்பதற்கு அவர் கண்ட வழி அது. நம் முன்னோர் கனத்த கருவியைக் களரியின் நட்ட நடுவே வைத்தார்கள். குரலைக் காக்கும் பொறுப்பைக் கட்டடத்திடம் விடாமல் அண்ணாவியாரின் கையிடம் ஒப்படைத்தார்கள்.

இந்த அமைப்பு நவீன மேடையில் மாறியது. 1960களில் பேராசிரியர் சு. வித்தியானந்தன் பேராதனை மாணவரைக் கொண்டு ‘கர்ணன் போர்’, ‘நொண்டி நாடகம்’, ‘இராவணேசன்’ ஆகியவற்றை நவீன மேடைக்குக் கொண்டுவந்தார். அதற்கு முன் 1956இல் சிங்கள நாடகாசிரியர் எதிரிவீர சரச்சந்திர நாடகம என்ற சிங்களக் கூத்து மரபிலிருந்து ‘மனமே’யை ஆக்கியிருந்தார். அந்த நாடகமவின் முழவைச் சிங்களக் கலைஞர் ‘தெமள பெர’, அதாவது தமிழ் முழவு, என்றே அழைக்கிறார்கள். ‘இராவணேசன்’ நாடகத்தில் இராவணனாக ஆடிய சி. மௌனகுரு பின்னாளில் மட்டக்களப்பு மரபுவழி நாடகங்களை ஆய்ந்து எழுதினார். படச்சட்ட மேடை கூத்துக்குப் புதிய சபையைத் தந்தது. ஆனால் அங்கே களரியின் நடுவில் நின்ற மத்தளம் ஓரத்துக்குப் போனது. சுற்றி ஆடியவர் முன்னோக்கி ஆடத் தொடங்கினர். அண்ணாவியாரின் கையும் கூத்தரின் காலும் ஒன்றையொன்று பார்த்துக்கொள்ளும் நெருக்கம் அதனால் குறைந்தது.

எந்த மோடியானாலும் மத்தளத்தின் தரத்தை மூன்றிடத்தில் பார்க்கலாம். சதங்கையும் மத்தளமும் ஒரே ஒலியாகச் சேர வேண்டும். பாட்டு எழும்பும்போது சொல் தெளிவாகக் கேட்க வேண்டும். பனி இறங்கித் தோல் தளரும் விடியற்புறத்திலும் காலம் தளரக் கூடாது. ஓங்கி அடிப்பது இந்த மூன்றிலும் சேராது.

இன்று பள்ளிகளில் பிள்ளைகள் ஆர்வத்தோடு கூத்துப் பழகுகிறார்கள். சதங்கை கட்ட இருபது பிள்ளைகள் வரும் இடத்தில் மத்தளத்துக்கும் இரண்டு பிள்ளைகளையாவது இருத்திப் பழக்க வேண்டும். ஒருவர் வடமோடிக்கு உந்தவும், மற்றவர் தென்மோடிக்குக் காத்திருக்கவும் கற்றால், இரண்டு மோடிகளும் நிற்க நிலம் இருக்கும்.