கை தெரியாத காயங்கள்

ஆட்சி மாறுவதை வரலாற்றாசிரியன் ஆவணங்களில் தேடுகிறான். படைப்பாளியோ அடுக்களையில் தேடுகிறான். 1991ஆம் ஆண்டு டிசம்பரில் சோவியத் ஒன்றியம் கலைந்தபின் ரஷ்ய மக்கள் பட்ட பாட்டை அடுக்களையிலிருந்து எடுத்துரைத்த நூல்களுள் தலையாயது, சுவெத்லானா அலெக்சியேவிச் 2013இல் ரஷ்ய மொழியில் வெளியிட்ட 'விரேமியா செகண்ட் ஹேண்ட்' என்பதாகும். அப்பெயரே ஒரு செய்தியைத் தாங்கி நிற்கிறது. முதற்சொல் ரஷ்யச் சொல். காலம் என்னும் பொருளது. பின்னிரண்டும் ரஷ்ய எழுத்தில் எழுதப்பட்ட ஆங்கிலச் சொற்கள். மேலைநாட்டார் உடுத்திக் கழித்த துணிகளை விற்ற கடைகளின் பெயர்ப்பலகைகளில் ரஷ்யர்கள் 1990களில் கண்ட சொற்கள் அவை. பழந்துணிக் காலம் என்று சொன்னால் தமிழில் ஓரளவு பொருந்தும்.

அலெக்சியேவிச் 1948இல் உக்ரைனில் பிறந்தவர், பெலாரஸ் நாட்டவர், எழுதுவது ரஷ்ய மொழியில். 2015இல் நோபெல் பரிசு பெற்ற அவர், தம் நாட்டு ஆட்சியின் நெருக்குதலால் 2020இல் ஜெர்மனிக்குச் சென்றார். கதை எழுதுபவரல்லர் அவர். மனிதர்களைப் பேசவைத்து, அப்பேச்சைத் தொகுத்து, செறிவாக்கித் தருவதே அவர் முறை. மாஸ்கோவின் முன்னேற்றப் பதிப்பகம் தமிழில் அச்சிட்டு அனுப்பிய நூல்களின் வழியே ரஷ்ய மாந்தரை அறிந்த தமிழ் வாசகர்க்கு, அந்நூல்கள் நின்றுபோனபின் அம்மாந்தர் என்ன ஆனார்கள் என்பதைச் சொல்லும் நூல் இது எனலாம்.

1991 முதல் 2001 வரை ஒரு பகுதி, 2002 முதல் 2012 வரை மற்றொரு பகுதி என நூல் அமைந்துள்ளது. குருஷ்சேவ் காலத்தில் எழுந்த சிறு அடுக்குமாடி வீடுகளின் அடுக்களைகளே அந்நாளில் மக்கள் அச்சமின்றிப் பேசிய இடங்கள். வானொலியை உரக்க வைத்துவிட்டு அங்கே விடுதலையைப் பற்றிப் பேசினார்கள். விடுதலை வந்தது, அடுக்களைப் பேச்சு ஓய்ந்தது. பேசிய பொறியாளரும் ஆசிரியரும் சந்தைக்குப் போய், தெருவோரத்தில் சரக்கைப் பரப்பி விற்கலானார்கள். இம்மாற்றத்தை அலெக்சியேவிச் காட்டும் திறம் உயர்ந்தது.

நூலின் உச்சமாகச் சொல்லத்தக்கது படைத்தலைவர் அக்ரமேயெவ் பற்றிய பகுதி. சோவியத் ஒன்றியத்தின் மார்ஷல் என்னும் உயர்நிலை எய்தியவர் அவர். 1991 ஆகஸ்டில் கோர்பசேவுக்கு எதிராக எழுந்த கிளர்ச்சி மூன்றே நாளில் முறிந்தது. 24ஆம் நாள் கிரெம்ளினிலுள்ள தம் அலுவல் அறையில் அவர் தூக்கிட்டு இறந்து கிடந்தார். உணவுக்கூடத்திற்குத் தாம் தரவேண்டிய பாக்கிக்கென 50 ரூபிள் தாளொன்றையும் எடுத்து வைத்திருந்தார். புதைத்த சில நாளில் கல்லறையைத் தோண்டியவர்கள், பதக்கங்கள் குத்திய சீருடையைக் கழற்றிக்கொண்டு போனார்கள். பழம்பொருள் சேர்ப்பவர்களிடம் அதற்கு விலை இருந்தது. ஒரு பேரரசின் சீருடையே பழந்துணிக் கடைச் சரக்கான இக்காட்சி நூலின் தலைப்புக்கு உரை எழுதியதுபோல் அமைகிறது. கடன் வைக்காமல் இறக்க எண்ணிய மனிதர் ஒருபுறம். பிணத்தின் உடையை விற்கும் புதிய வணிகம் மறுபுறம். ஆசிரியர் விளக்கம் எதுவும் சேர்க்கவில்லை. சேர்க்காதது நன்று.

ஆயினும், நூலை முடித்தவர் நெஞ்சில் ஒரு கேள்வி எழாமற் போகாது. இத்தனை காயங்களையும் செய்த கை எது? நூறு குரல்கள் அழுகின்றன. சேமிப்பு போயிற்று, வேலை போயிற்று, மகன் போனான் என்கின்றன. ஆனால் இவை யாவும் வானத்திலிருந்து இறங்கிய இடிபோலவே நூலில் நிகழ்கின்றன. விலையேற்றமும், பங்குச்சீட்டும், திடீர்ச் செல்வரும் பெரும்பாலும் 'தெருவின் இரைச்சல், அடுக்களை உரையாடல்' என்னும் பகுதிகளில், பேசுபவர் யாரென்று தெரியாத துண்டு வாக்கியங்களாக வந்து மறைகின்றன. பெயரும் வயதும் தந்து விரிவாகச் சொல்லப்படும் கதைகளோ காதலையும் போரையும் சாவையும் பற்றியன. பெயர் சொல்ல விரும்பாத கிரெம்ளின் அலுவலர் ஒருவர் நூலில் பேசுகிறார். அவரும் மார்ஷலைப் பற்றிப் பேசுகிறாரே அன்றி விலைகளைப் பற்றிப் பேசவில்லை.

உண்மையில் அக்காயங்களுக்கு நாளும் உண்டு, ஆளும் உண்டு. 1992 ஜனவரி 2ஆம் நாள், எல்த்சின் அரசில் பொருளாதாரப் பொறுப்பிலிருந்த கைதார் பெரும்பாலான பொருள்களின் விலைக் கட்டுப்பாட்டை நீக்கினார். அவ்வாண்டு முடிவதற்குள் விலைகள் ஏறத்தாழ 26 மடங்காயின. முதுமைக்கெனச் சேமிப்பு வங்கியில் இட்டுவைத்த பணம் சில மாதங்களில் ஒன்றுமில்லாததாயிற்று. அக்டோபரில் தொடங்கி, அரசுத் தொழிற்சாலைகளில் பங்கு தரும் சீட்டு, குடிமக்கள் ஒவ்வொருவருக்கும் 10,000 ரூபிள் முகமதிப்பில் வழங்கப்பட்டது. ஒரு சீட்டு இரண்டு 'வோல்கா' கார்களின் விலை பெறும் என்றார் அத்துறைக்குப் பொறுப்பான சுபாய்ஸ். ஓட்கா புட்டிகளுக்கு அதனை விற்றவர் பலர். 1993 அக்டோபர் 4ஆம் நாள், எதிர்த்து நின்ற நாடாளுமன்றத்தின்மீது எல்த்சினின் பீரங்கி வண்டிகள் சுட்டன. டிசம்பரில் அதிபர்க்குப் பேரதிகாரம் தரும் அரசமைப்பு வந்தது. 1995இல் அரசு வங்கிகளிடம் கடன் பெற்று, பெருந்தொழில்களின் பங்குகளை ஈடு வைத்தது. கடன் திருப்பப்படவில்லை, ஏலம் நடத்திய வங்கியைச் சார்ந்தவரே ஏலத்தில் எடுத்தனர். உலகின் மாபெரும் நிக்கல் நிறுவனமான நொரில்ஸ்க் நிக்கல் ஏறத்தாழ 17 கோடி டாலருக்கு இவ்வாறு கைமாறிற்று. 1980களின் பிற்பகுதியில் 65ஐ நெருங்கியிருந்த ரஷ்ய ஆண்களின் சராசரி ஆயுள் 1994இல் 58க்கும் கீழே இறங்கியது.

இவற்றை எழுதப் பொருளாதார நூல்கள் உள்ளனவே, இலக்கியத்தில் இதனை எதிர்பார்க்கலாமா என்று வினவலாம். தாம் எழுதுவது உணர்வுகளின் வரலாறே என்று அலெக்சியேவிச் பலமுறை கூறியுள்ளார். அது அவர் உரிமை. ஆனால் காரணத்தை நீக்கிவிட்டுத் துயரை மட்டும் காட்டும்போது, அத்துயர் ஓர் இனத்தின் இயல்பாகத் தோன்றத் தொடங்குகிறது. ரஷ்யன் துன்பத்தை விரும்புபவன். சோவியத் மனிதன் விடுதலைக்குத் தகுதியற்றவன். அடிமைத்தனம் அவன் குருதியில் உள்ளது என்னும் முடிவுக்கு வாசகன் எளிதில் வந்துவிடுகிறான். மேலைநாட்டுத் திறனாய்வாளர் சிலர் இந்நூலைப் பாராட்டியது இக்காரணத்தாலேயே என்று ஐயுற இடமுண்டு. ஏலக்கூடத்தில் செய்யப்பட்ட முடிவை ஆன்மாவின்மேல் ஏற்றிவிட்டால், முடிவெடுத்தவர்கள் தப்பிக்கிறார்கள். 1999 டிசம்பர் 31ஆம் நாள் எல்த்சின் பதவி விலகிப் புதினிடம் ஆட்சியை ஒப்படைத்ததும், ஒழுங்கை நிலைநாட்டும் வலியதொரு கை வேண்டும் என்று மக்கள் ஏங்கியதும், அப்போது இயற்கை நிகழ்ச்சிகளாகிவிடுகின்றன.

நூலிலேயே இதற்கு மாறான இடமொன்று உண்டு என்பதையும் மறைத்தலாகாது. 1941இல் பிரெஸ்ட் கோட்டையைக் காத்துப் போரிட்ட முதிய வீரர் சினாத்தொவ் 1992இல் அக்கோட்டைக்கு வந்து, ரயில்முன் விழுந்து உயிரை விட்டார். போரில் பட்ட காயத்தால் இறந்திருந்தால் எதற்காக இறக்கிறோம் என்பதாவது தெரிந்திருக்கும் என்னும் கருத்துப்பட எழுதி, முதியோரை இரந்து வாழச் செய்த அரசின்மீது குற்றம் சாட்டும் கடிதத்தை அவர் விட்டுச்சென்றார். இங்கே ஒரு விரல் நீண்டு ஒரு கையைச் சுட்டுகிறது. நூல் முழுவதும் அவ்விரலின் திசையில் சென்றிருக்குமாயின், அது இன்னும் பெரிய நூலாகியிருக்கும்.

இதே காலத்தை எள்ளல் வழியில் எழுதிய விக்தர் பெலேவினின் 'ஜெனரேஷன் பி' (1999) இவ்வகையில் ஒப்புநோக்கத்தக்கது. அதன் நாயகன் தத்தார்ஸ்கி, சோவியத் இனத்தாரின் மொழிகளிலிருந்து கவிதை பெயர்க்கப் பயின்றவன். என்றும் நிலைக்கும் இலக்கியம் படைக்க எண்ணியவனுக்கு, நாடு கலைந்ததும் பெட்டிக்கடையில் விற்பனை வேலைதான் கிடைக்கிறது. பின்னர் மேலைநாட்டுச் சரக்குகளுக்கு ரஷ்யர் மனம் கவரும் விளம்பரம் எழுதிப் பொருளீட்டுகிறான். இறுதியில், தொலைக்காட்சியில் தோன்றும் அரசியல் தலைவர்களே கணினியில் வரையப்பட்ட உருவங்கள் என்று அறிகிறான். கதை கேலிக்கூத்துத்தான், மனிதர் எவர்மீதும் அதில் இரக்கம் பிறப்பதில்லை. ஆனால் யார் செய்தார் என்ற கேள்வியைப் பெலேவின் விடாமல் துரத்துகிறார். துரத்திச் சென்ற இடத்தில் ஆளே இல்லாதது கண்டு நகைக்கிறார். அலெக்சியேவிச்சிடம் இரக்கம் உண்டு, இக்கேள்வி இல்லை. அவர் நூலிலும் மாஸ்கோவில் விளம்பரத் துறையில் முன்னேறிய பெண்ணொருத்தி வருகிறாள். அவள் தனிமை கேட்கப்படுகிறது; அவள் தொழில் கேட்கப்படுவது குறைவு.

சாட்சிகளின் சொற்களை அலெக்சியேவிச் செப்பனிடும் முறை குறித்தும் ஐயங்கள் எழுந்ததுண்டு. ஆப்கானியப் போர் பற்றிய நூலுக்காக, அதில் பேசியவர்களே தொடுத்த வழக்கை 1993இல் அவர் மின்ஸ்கில் எதிர்கொண்டார். அது தனியே ஆராயத்தக்க பொருள்.

நூலின் கடைசிப் பக்கத்தில் தொலைவிலுள்ள சிற்றூரின் முதியவள் ஒருத்தி பேசுகிறாள். பொதுவுடைமையானாலும் முதலாளித்துவமானாலும் தன் ஊருக்கு ஒன்றே என்பது அவள் பேச்சின் சாரம். வசந்தம் வரவேண்டும், உருளைக்கிழங்கு நடவேண்டும். அழகிய முடிவு என்று பலரும் போற்றிய பக்கம் இது. 1992இல் நாட்டின் குடிமக்கள் அனைவருக்கும் உரியதாக அறிவிக்கப்பட்ட அந்தப் பங்குச்சீட்டு அவளுக்கும் உரியதே. அதனை அவள் என்ன செய்தாள் என்று நூல் கேட்கவில்லை.