கைநாட்டுக்கு முன் ஒரு வாசிப்பு

விருதுநகர் மாவட்டத்துக் குமாரலிங்கபுரத்தில் ஒருவர் இரண்டு ஏக்கர் கரிசலை விற்கிறார். இலங்கையில், யாழ்ப்பாணத்துக் கோப்பாயில் ஒருவர் நான்கு பரப்புத் தோட்டக்காணியை விற்கிறார். இருவரும் தமிழில்தான் எழுதிக்கொடுக்கிறார்கள். நம்மவர் எழுதிக்கொடுப்பது பத்திரம், அவர் முடித்துக்கொடுப்பது உறுதி. எந்தத் தாளில், எத்தனை பிரதி என்பதெல்லாம் இரண்டாம்பட்சம். எழுதுகிறவர் எதற்குப் பொறுப்பு என்பதில் இரண்டு நாடுகளும் வெவ்வேறு வழியில் போய்விட்டன. அதைத்தான் இங்கே பேச விரும்புகிறேன், ஏனென்றால் அதில் நாம் பின்தங்கியிருக்கிறோம்.

எங்கள் பக்கத்தில் நிலம் கைமாறும் விதம் எல்லோருக்கும் தெரிந்ததுதான். விலை பேசி அட்வான்ஸ் கொடுத்ததும் வில்லங்கம் போட்டுப் பார்ப்பார்கள். பிறகு தாய்ப்பத்திரத்தை மஞ்சள் பையில் வைத்துக்கொண்டு அருப்புக்கோட்டைக்கோ திருச்சுழிக்கோ பஸ் ஏறுவார்கள். ரிஜிஸ்தர் ஆபீஸை ஒட்டிப் பத்திர எழுத்தர்களின் அறைகள் இருக்கும். எழுத்தர் பழைய பத்திரத்தை விரித்து வைத்துக்கொண்டு சொல்லச் சொல்ல, பக்கத்தில் ஒரு பெண் கணினியில் அடித்துக்கொண்டே போவார். விற்கிறவர் வாய்திறந்து சொல்வது கொஞ்சம்தான்: பெயர், தகப்பனார் பெயர், தொகை, பக்கத்து நிலம் யாருடையது. மற்றதெல்லாம் எழுத்தரின் வாயிலிருந்து வரும். சர்வ சுதந்திர பாத்தியம், புத்திர பௌத்திர பாரம்பரியம், நிதி நிட்சேபம், வண்டிப்பாதை நடைபாதை பாத்தியம் என்று அது மடமடவென்று ஓடும். முழுவதும் 'நான்' என்ற தன்மையில் இருக்கும். அந்த நான் விற்கிறவர். பின்னால் ஏதாவது வில்லங்கம் வந்தால் என் சொந்தப் பொறுப்பில் தீர்த்துக்கொடுப்பேன் என்று ஐந்து பக்கம் அவர் பேசியிருப்பார். அதில் பாதிக்குமேல் அவர் காதில் விழுந்தே இருக்காது.

இந்தத் தொழிலுக்கு இந்தச் சீமையில் நீண்ட வரலாறு உண்டு. ரமண மகரிஷி 1879இல் திருச்சுழியில் பிறந்தார். அவருடைய தகப்பனார் சுந்தரமய்யர் கிராமக் கணக்குப்பிள்ளையிடம் மாதம் இரண்டு ரூபாய் சம்பளத்தில் எழுத்தராகத் தொடங்கி, பிறகு மனு எழுதிக்கொடுப்பவராகி, முடிவில் பட்டம் பெறாமலே வக்கீல் தொழில் செய்ய அனுமதி பெற்றவர். எழுத்து தெரிந்த ஒருவர் ஒரு மானாவாரிச் சீமைக்கு எவ்வளவு தேவைப்பட்டார் என்பதை இந்த மூன்று படிகளும் காட்டுகின்றன. அன்று கூலிக்கு எழுதியவர் சனங்களுக்குச் சட்டத்தையும் விளக்கிச் சொன்னார். இன்றும் நல்ல எழுத்தர் அப்படித்தான் செய்கிறார். கைநாட்டு வைக்கிற அம்மாவை உட்கார வைத்து, 'ஆத்தா, ஒன் பங்குல கிணத்துப் பாத்தியமும் சேந்து போகுது, சம்மதமா?' என்று கேட்கிறவர்கள் இருக்கிறார்கள். ஆனால் அது அவருடைய குணத்தைப் பொறுத்தது. பத்திரத்தின் கடைசியில் அவர் பெயரும் உரிம எண்ணும் இருக்கும். வாசித்துக் காட்டினேன், புரிய வைத்தேன் என்று அவர் தன் வாக்காக எழுத வேண்டிய இடம் அதில் இல்லை.

ஆபீஸுக்குள் போனாலும் இது மாறுவதில்லை. டோக்கன் வரும், போட்டோ எடுப்பார்கள், விரல்ரேகை வைப்பார்கள், அடையாள சாட்சிகள் கையெழுத்துப் போடுவார்கள். சார்பதிவாளர் கேட்பது, நீங்கள்தான் எழுதிக்கொடுத்தீர்களா, பணம் வந்ததா என்பது. 1908ஆம் ஆண்டுப் பதிவுச் சட்டம் அவரிடம் எதிர்பார்ப்பதன் சாரம், எழுதிக்கொடுத்தவர் அதை ஒப்புக்கொள்கிறாரா என்று பார்ப்பதே. நிலம் அவருடையதுதானா என்பதில் இறங்குவது அவர் வேலை அல்ல. மூலப்பத்திரத்தையும் வில்லங்கச் சான்றையும் காட்டினால்தான் பதிவு என்று தமிழ்நாட்டுப் பதிவு விதிகளில் 55-ஏ என்ற விதியைச் சேர்த்தார்கள். 2025 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் அது சட்டத்துக்கு ஒவ்வாதது என்று சொல்லி நீக்கிவிட்டது. ஆக, பத்திரத்தின் உள்ளடக்கத்தைப் பற்றி விற்கிறவரிடம் உட்கார்ந்து பேச அந்தக் கட்டடத்தில் நடைமுறையில் யாரும் இல்லை.

பாக்கு நீரிணைக்கு அந்தப் பக்கம் கதை வேறு. இலங்கையில் 1840ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம், காணியை விற்கும் உறுதி, அதை எழுதி அத்தாட்சிப்படுத்த அதிகாரம் பெற்ற நொத்தாரிசு ஒருவரும் இரண்டு சாட்சிகளும் ஒரே நேரத்தில் கூட இருக்கக் கையொப்பமாக வேண்டும், இல்லாவிட்டால் செல்லாது என்று வகுத்தது. மோசடியைத் தடுக்க வந்த சட்டம் அது. நொத்தாரிசு எப்படி நடந்துகொள்ள வேண்டும் என்பதை 1907ஆம் ஆண்டின் 1ஆம் இலக்க நொத்தாரிசு கட்டளைச் சட்டம் வரி வரியாகச் சொல்கிறது. எழுதுவதற்கு முன் காணிப் பதிவகத்தில் ஏடுகளைத் தேடிப் பார்க்க வேண்டும். தேட வேண்டாம் என்றால் தரப்பினர் அதை எழுத்தில் தர வேண்டும். கையொப்பமிடுபவரை நொத்தாரிசு அறிந்திருக்க வேண்டும், அல்லது சாட்சிகள் இருவராவது அறிந்திருக்க வேண்டும். எந்த மொழியில் தொழில் செய்ய அதிகாரம் பெற்றாரோ அந்த மொழியில்தான் எழுதலாம். எழுதிக்கொடுப்பவருக்கு வாசிக்கத் தெரியாவிட்டால், சாட்சிகள் முன்னிலையில் உறுதியை முழுவதும் வாசித்து விளங்கப்படுத்தாமல் அதை அத்தாட்சிப்படுத்தக் கூடாது.

அந்த அத்தாட்சிப் பகுதியை ஒருமுறை நிதானமாகப் படித்துப் பார்க்க வேண்டும். விற்பவரின் பேச்சு முடிந்து, காணியின் அட்டவணை முடிந்து, கையொப்பங்கள் விழுந்தபின் உறுதி இன்னொரு குரலில் தொடங்கும். பிரசித்த நொத்தாரிசாகிய நான் என்று அவர் தன் பெயரில் பேசுவார். இன்னார் எனக்கு அறிமுகமானவர், சாட்சிகள் இன்ன இன்னார், நான் வாசித்து விளங்கப்படுத்தினேன், பணம் என் முன்னிலையில் கொடுபட்டது அல்லது கொடுபடவில்லை, இரண்டாம் பக்கம் ஏழாம் வரியில் இன்ன சொல் வெட்டப்பட்டது, இத்தனை முத்திரை ஒட்டப்பட்டது. இப்படி ஒரு சொல்லை அடித்துத் திருத்தியதற்குக்கூட அவர் கணக்குக் கொடுக்கிறார். நம் கிரயப் பத்திரத்தில் ஒரே ஒரு 'நான்' உண்டு. அங்கே இரண்டு. இந்த ஒப்பீட்டில் நான் மிகவும் மதிக்கும் வேறுபாடு இதுதான்.

இந்தக் கடமைகளில் நொத்தாரிசு தவறினால், அதற்காக மட்டும் உறுதி செல்லாமல் போவதில்லை. தண்டம் அவருக்குத்தான். இந்த ஏற்பாட்டில் ஒரு நியாயம் இருக்கிறது. எழுதியவரின் பிழைக்கு வாங்கியவரின் காணி பலியாகக் கூடாது, எழுதியவரும் தப்பக் கூடாது.

எல்லை சொல்லும் முறையிலும் இரண்டு ஊர்களுக்கும் தனித்தனி நடை. எங்கள் பத்திரத்தில் நிலம் நடுவில் நின்று பக்கத்தவர்களைப் பார்ப்பதில்லை. ராமசாமி புஞ்சைக்கு வடக்கு, ஓடைக்குக் கிழக்கு, கண்மாய்க் கரைக்குத் தெற்கு, வண்டிப்பாதைக்கு மேற்கு, இதற்கு உட்பட்டது என்று பக்கத்தவரிடமிருந்து தொடங்கி நிலத்துக்கு வந்துசேரும். யாழ்ப்பாண உறுதி காணிக்குள் நின்றுகொண்டு, கிழக்கு இன்னார் காணி, வடக்கு ஒழுங்கை என்று கிழக்கில் தொடங்கிச் சுற்றி வரும். அங்கே துண்டுக் காணிக்கும் பெயர் உண்டு. பரப்புக் கணக்கும் குழிக் கணக்கும் வரும், வான்பயிர் செய்பயிர் வரும், பங்குக் கிணறும் அதற்குப் போகும் வழியும் வாய்க்காலும் வரும். கிணற்றை நம்பி வெங்காயமும் புகையிலையும் போடுகிற ஊரில் கிணற்றுப் பங்கை எழுதாமல் விட முடியாது. எங்கள் கரிசலில் ஓடையும் கண்மாயும்தான் எல்லையாக நிற்கும், சர்வே எண் மற்றதைப் பார்த்துக்கொள்ளும்.

அந்தச் சர்வே எண்ணும் நேற்று வந்ததுதான். ராமநாதபுரம் ஜமீனுக்கு உட்பட்டிருந்த கிராமங்களின் பழைய பத்திரங்களில் பைமாஷ் எண் இருக்கும். 1948ஆம் ஆண்டு எஸ்டேட் ஒழிப்புச் சட்டத்துக்குப் பின் ரயத்துவாரி வந்தது, புது எண்கள் வந்தன. ஒரே புஞ்சைக்கு எழுதிய மூன்று தலைமுறைப் பத்திரங்களை அடுக்கினால் ராமநாதபுரம் மாவட்டம் என்று ஒன்றிலும், காமராஜர் மாவட்டம் என்று அடுத்ததிலும், விருதுநகர் மாவட்டம் என்று கடைசியிலும் இருக்கும். இதையெல்லாம் மனப்பாடமாக வைத்திருந்தவர் கர்ணம். 1980 நவம்பரில் எம்.ஜி.ஆர். அரசு அந்தப் பரம்பரைக் கிராம அதிகாரிகளின் பதவிகளை ஒழித்து, பிறகு கிராம நிர்வாக அலுவலர்களைக் கொண்டுவந்தது. அடங்கலும் சிட்டாவும் ஒரு குடும்பத்தின் வீட்டுத் திண்ணையிலிருந்து அரசாங்கத்தின் கைக்கு வந்தது நல்லது என்றே நினைக்கிறேன். ஆனால் பத்திரம் பதிவுத்துறையிலும் பட்டா வருவாய்த்துறையிலும் இருக்கும் இரட்டைக் கணக்கு தொடர்கிறது. பத்திரம் முடித்துவிட்டுப் பட்டா மாற்றாமல் விட்ட நிலங்கள் எங்கள் பக்கத்து ஊர்களில் ஏராளம்.

நம் ஏற்பாட்டின் பலம் வேறு இடத்தில் இருக்கிறது. நூறு ரூபாயும் அதற்கு மேலும் மதிப்புள்ள நில விற்பனைக்குப் பதிவு கட்டாயம், அதனால் அரசின் புத்தகத்தில் எல்லாம் ஏறுகிறது. அந்தப் பதிவுகளை இன்று வீட்டில் உட்கார்ந்தே வில்லங்கமாகப் பார்க்கலாம், அதற்குக் காசும் வேண்டாம். இலங்கையில் 1927ஆம் ஆண்டின் 23ஆம் இலக்கச் சட்டப்படி பதிவு என்பது முன்னுரிமைக்குத்தான். பதியாத உறுதியும் உறுதியே, ஆனால் அதே காணியை விலைகொடுத்து வாங்கி முதலில் பதிந்துகொண்டவர் முந்திக்கொள்ளலாம். காணியின் பின்புலம் அறியப் பதிவகத்துக்குப் போய்த் தோம்பு பார்க்கிறார்கள். போர்த்துக்கேயரும் ஒல்லாந்தரும் வைத்திருந்த காணிப் பதிவேட்டின் பெயர் அது, இன்னும் வழக்கில் நிற்கிறது. உரித்தையே அரசு உறுதிசெய்யும் முறைக்கு 1998இல் 21ஆம் இலக்கச் சட்டம் கொண்டுவந்தார்கள். அது நாடு முழுவதும் போய்ச் சேரவில்லை.

அங்கே உறுதி மூன்று பிரதியாகும். மூலம் வாங்கியவரிடம், இரண்டாம் பிரதி மறுமாதம் 15ஆம் தேதிக்குள் காணிப் பதிவகத்துக்கு, மூன்றாவது நொத்தாரிசின் சொந்தச் சேமிப்பில். அவர் தொழிலை விட்டாலோ இறந்தாலோ அந்தச் சேமிப்பும் பதிவகத்துக்குப் போக வேண்டும். இந்த ஏற்பாட்டின் அருமை யுத்த காலத்தில் தெரிந்தது. 1995 அக்டோபர் கடைசியில் யாழ்ப்பாணத்தின் வலிகாமம் முழுவதும் ஒரே இரவில் பெயர்ந்தபோது, சனங்கள் நகையோடு உறுதியையும் கட்டி எடுத்துக்கொண்டு நடந்தார்கள். உறுதியைத் தொலைத்தவர்களுக்குத் தேடிப் பார்க்க மற்ற இரண்டு இடங்கள் இருந்தன. இடம்பெயர்ந்து காணியைப் பார்க்க முடியாமல் போனவர்களின் உரிமை காலக்கெடுவால் அழிந்துபோகாமலிருக்க 2016இல் 5ஆம் இலக்கச் சட்டம் வந்தது. கையில் ஏதாவது ஒரு பிரதி இருந்தவர்களுக்கு அதன் பயன் எளிதில் கிட்டியிருக்கும்.

நொத்தாரிசு இருப்பதால் அங்கே களவு இல்லை என்று சொல்ல வரவில்லை. புலம்பெயர்ந்தவர்களின் காணிகளுக்குக் கள்ள உறுதி முடித்த வழக்குகள் யாழ்ப்பாணத்தில் நடக்கின்றன. ஆனால் அந்த வழக்குகளில் நீதிமன்றம் முதலில் யாரை விசாரிக்கும் என்பதில் சந்தேகமில்லை. 'எனக்கு அறிமுகமானவர்' என்று எழுதிக் கையொப்பமிட்டவர் ஒருவர் இருக்கிறார். இங்கே போலிப் பத்திர வழக்கில் எழுத்தர், அவங்க சொன்னதை எழுதினேன் என்று ஒதுங்கிக்கொள்ள முடிகிறது.

நாம் நொத்தாரிசு முறைக்கு மாற வேண்டியதில்லை. கட்டாயப் பதிவையும் இணையத்தில் கிடைக்கும் வில்லங்கத்தையும் விட்டுக்கொடுக்கவே கூடாது. பத்திர எழுத்தருக்கு உரிமம் கொடுப்பது மாநிலப் பதிவுத்துறை. அந்த உரிம விதியில் ஒரு கடமையைச் சேர்த்தால் போதும்: எழுதிக்கொடுப்பவருக்கு, சாட்சிகள் முன்னிலையில், பத்திரத்தை முழுவதும் வாசித்துப் பொருள் சொல்ல வேண்டும். சொன்னதாகக் கடைசிப் பக்கத்தில் தன் பெயரில் நாலு வரி எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும். பொய்யாக எழுதினால் உரிமம் போக வேண்டும். ஐந்து பக்கப் பத்திரத்தை வாசிக்கக் கால்மணி நேரம் ஆகும். டோக்கனுக்காகக் காத்திருக்கும் நேரத்தில் அதைச் செய்து முடிக்கலாம்.